ஒரு நாள் வித்தியாசம்

சம வேலைக்குச் சம சம்பளம் என்ற கொள்கையை நம் நாட்டில் வெளிப்படையாக மறுப்பவர் எவருமிலர். அரசியல் சட்டத்தின் 39-வது பிரிவு, ராஜாங்கம் பின்பற்ற வேண்டிய நெறிகளில் ஒன்றாக அதை வைத்திருக்கிறது. தேர்தல் காலம் வந்துவிட்டால் எல்லாக் கட்சிகளும் மேடைதோறும் அதை முழங்குகின்றன. ஆயினும், தமிழ்நாட்டுச் சர்க்காரின் ஆரம்பப் பாடசாலைகளிலேயே, ஒரே வேலையைச் செய்யும் உபாத்தியாயர்கள் ஒரு தேதியை வைத்து இரண்டு கூறாகப் பிரிக்கப்பட்டார்கள். 2009-ம் வருஷம் மே மாதம் 31-ந் தேதிக்குள் வேலையில் அமர்ந்தவர்கள் ஒரு கூறு. மறுநாளாகிய ஜூன் மாதம் 1-ந் தேதியும் அதன் பின்னும் அமர்ந்தவர்கள் மற்றொரு கூறு. முன்னவர்களுக்கு அடிப்படைச் சம்பளமும் தர ஊதியமும் சேர்ந்து மாதம் 11,170 ரூபாய். பின்னவர்களுக்கு 8,000 ரூபாய். வித்தியாசம் 3,170 ரூபாய்.

இந்த வித்தியாசத்துக்குப் படிப்பு காரணமன்று. இருசாராரும் பன்னிரண்டாம் வகுப்புத் தேறி இரண்டு வருஷ ஆசிரியர் பயிற்சி பெற்றவர்களே. வேலையும் காரணமன்று, புத்தகம் ஒன்று, பாடத்திட்டம் ஒன்று, பள்ளி நேரம் ஒன்று. ஊழியம் செய்யும் இடமும் காரணமன்று. காரணமெல்லாம் நாட்காட்டியில் கிழிக்கப்பட்ட ஒரு தாள்தான். இவ்வாறு பாதிக்கப்பட்டோர் சுமார் 20,000 பேர். சர்க்கார் பதிவேடுகளில் இடைநிலை ஆசிரியர்கள் என்று குறிக்கப்படும் இவர்களுடைய வழக்கைப் பொதுஜனங்கள் சரிவர அறிந்துகொள்ள வேண்டும் என்பது நமது கருத்து. ஏனெனில், இது ஒரு சங்கத்தாரின் கூலித் தகராறு மட்டுமன்று. ராஜாங்கம் தன் சொல்லை எவ்வளவு மதிக்கிறது என்பதற்கு ஓர் அளவுகோலுமாகும்.

மலைப் பள்ளி ஒன்றை நினைத்துப் பாருங்கள்

கொடைக்கானல் தாலுகாவில், பழனி மலையின் தென்சரிவில் இருக்கிறது அடுக்கம் என்னும் ஊர். கொடைக்கானலிலிருந்து கும்பக்கரை வழியாகப் பெரியகுளத்துக்கு இறங்கும் மலைப்பாதை அவ்வூர் வழியே செல்கிறது. பருவமழை பலத்துப் பெய்தால் அப்பாதையில் மண் சரிவதும், பாறை உருண்டு வழி அடைபடுவதும் மலைவாசிகள் நன்கு அறிந்த சங்கதிகள். இத்தகைய ஊர்களில் பிள்ளைகளுக்கு உலகத்தைக் காட்டும் சன்னல் ஆரம்பப் பள்ளி ஒன்றே. அடுத்த பள்ளிக்குப் போவதென்றால் மலை ஏற வேண்டும், அல்லது மலை இறங்க வேண்டும்.

2009-ம் வருஷக் கல்வி உரிமைச் சட்டம், அறுபது பிள்ளைகள் வரை உள்ள ஆரம்பப் பள்ளிக்கு இரண்டு உபாத்தியாயர்கள் வேண்டும் என்று விதிக்கிறது. சமவெளியில் இருப்பவர்களுக்கு இதன் பொருள் எளிதில் விளங்காது. ஐந்து வகுப்புக்களை இருவர் பங்கிட்டுக்கொள்ள வேண்டும். ஒருவர் முதல் வகுப்புக்கு எழுத்து அறிவிக்கும்பொழுதே மூன்றாம் வகுப்புக்குக் கணக்குப் போட்டுக் கொடுக்க வேண்டும். ஒருவர் விடுப்பில் சென்றால் மற்றவர் ஐந்து வகுப்புக்களையும் தாமே தாங்க வேண்டும். மதிய உணவைக் கவனிப்பதும், பதிவேடுகளை நிரப்புவதும், பள்ளிக்கு வராத பிள்ளையின் வீடு தேடிச் செல்வதும் அவ்விருவர் தலையிலேயே விழும்.

அடுக்கத்தைப் போன்ற ஓர் ஊரில் இப்படி இரண்டு உபாத்தியாயர்கள் இருக்கிறார்கள் என்று வைத்துக்கொள்வோம். ஒருவர் 2009 மே மாதக் கடைசியில் வேலை ஒப்புக்கொண்டவர். மற்றவர் ஜூன் முதல் தேதியில் ஒப்புக்கொண்டவர். ஒரே பஸ்ஸில் மலை ஏறுகிறார்கள். ஒரே வருகைப் பதிவேட்டில் கையெழுத்திடுகிறார்கள். மண் சரிந்த நாளில் இருவரும் ஒரே பாதையில் நடந்து போகிறார்கள். மாதக் கடைசியில் மட்டும் ஒருவர் கைக்கு 3,170 ரூபாய் குறைவாக வருகிறது. இவ்விருவரும் நாம் உதாரணத்துக்காகக் கற்பித்துக்கொண்டவர்களே. ஆனால் சம்பளப் பட்டியல் கற்பனையன்று. மலை உச்சியிலாகட்டும், சென்னைப் பட்டணத்திலாகட்டும், தமிழ்நாட்டின் ஆரம்பப் பள்ளிகளில் 2009-க்குப் பிறகு நடைமுறைக்கு வந்த கணக்கு அதுவே.

கணக்கு எங்கே பிசகியது?

இந்த வித்தியாசம் எப்படிப் பிறந்தது என்பதை வாசகர்கள் அறிவது அவசியம். ஆறாவது சம்பளக் கமிஷனின் சிபார்சுகளையொட்டி, 2009 ஜூன் 1-ந் தேதியன்று தமிழ்நாட்டுச் சர்க்கார் புதிய சம்பள விதிகளை வெளியிட்டது. அதற்கு முன் இடைநிலை ஆசிரியரின் ஆரம்பச் சம்பளம் 4,500 ரூபாய். ஏற்கெனவே வேலையில் இருந்தவர்களுக்கு அந்தத் தொகையை 1.86-ஆல் பெருக்கினார்கள்; 8,370 ரூபாய் கிடைத்தது. அதனோடு தர ஊதியம் 2,800 ரூபாயைக் கூட்ட, 11,170 ரூபாய் ஆயிற்று. இந்த மட்டில் கணக்குச் சரியே.

புதிதாக வருபவருக்குப் பழைய சம்பளம் என்று ஒன்று இல்லை. ஆகவே பெருக்குவதற்குத் தொகையும் இல்லை. 5,200 ரூபாயில் தொடங்கி 20,200 ரூபாயில் முடியும் ஊதியக்கட்டின் அடிப்படியில் அவரை நிறுத்தினார்கள். 5,200-உடன் 2,800-ஐக் கூட்டினால் 8,000 ரூபாய். பழையவரை ஏணியின் நடுவிலும் புதியவரைத் தரையிலும் நிறுத்தியதே இந்த உத்தரவின் விளைவு. பழைய விதிகளின் கீழ் இருவருமே 4,500 ரூபாயில்தான் தொடங்கியிருப்பார்கள் என்பதை நினைவில் வைக்க வேண்டும்.

இது எவரும் எதிர்பாராமல் நேர்ந்த பிசகு என்று சொல்ல முடியுமா? முடியாது. இதே சிக்கல் மத்திய சர்க்காருக்கும் எழுந்தது. அவர்கள் 2008-ம் வருஷத்திய தங்கள் விதிகளில், புதிதாக நேரடி நியமனம் பெறுவோருக்கென்று தனியே ஓர் ஆரம்பச் சம்பள அட்டவணையைச் சேர்த்தார்கள். அதன்படி 2,800 ரூபாய் தர ஊதியம் உள்ள பதவிக்கு ஊதியக்கட்டில் ஆரம்பத் தொகை 8,560 ரூபாய். மொத்தம் 11,360 ரூபாய். புதியவர் பழையவரைவிடத் தாழ்ந்துவிடக் கூடாது என்பதற்காகவே அந்த ஏற்பாடு. ஒரு வருஷத்துக்கு முன்பே டெல்லியில் அச்சாகிவிட்ட அந்த அட்டவணையைச் சென்னையிலுள்ள நிதி இலாகா பார்த்திராது என்று நம்புவது கடினம். அன்றியும், மத்திய சர்க்கார் பள்ளிகளில் ஆரம்ப வகுப்பு ஆசிரியருக்கு 9,300 ரூபாயில் தொடங்கும் ஊதியக்கட்டும் 4,200 ரூபாய் தர ஊதியமும் அளிக்கப்பட்டன. தமிழ்நாட்டு உபாத்தியாயர் இவ்வழக்கில் அவ்வளவு கேட்கவில்லை. தம் பக்கத்து நாற்காலியில் இருப்பவருக்குக் கிடைப்பதையே கேட்டார்.

2017-ல் மறுபடியும் சம்பளம் திருத்தப்பட்டது. அப்பொழுது பெருக்கும் எண் 2.57. ஒரு குறையைப் பெருக்கினால் குறையும் பெருகும் என்பது மூன்றாம் வகுப்புப் பிள்ளைக்கும் தெரிந்த கணக்கு. 11,170-ஐ 2.57-ஆல் பெருக்கினால் ஏறக்குறைய 28,707. 8,000-ஐப் பெருக்கினால் 20,560. முன்பு 3,170 ரூபாயாக இருந்த பள்ளம் 8,147 ரூபாய்ப் பள்ளமாக ஆழ்ந்தது. 2009 ஜூன் முதல் 2017 செப்டம்பர் வரை சரியாக நூறு மாதங்கள். ஆண்டு உயர்வையும் அகவிலைப்படியையும் சேர்க்காமலே, அந்த நூறு மாதங்களில் ஓர் உபாத்தியாயர் இழந்தது 3,17,000 ரூபாய். ஒரு குடும்பத்தின் வீட்டுமனையும், ஒரு பெண்ணின் கல்லூரிப் படிப்பும் இந்தத் தொகைக்குள் அடங்கியிருக்கக் கூடும்.

ஜூன் மாதம் முதல் தேதி

ஜூன் முதல் தேதி தமிழ்நாட்டு உபாத்தியாயர்களுக்கு நல்ல நாளாகவே இருந்து வந்தது. 1981-ம் வருஷம் அத்தேதியில்தான் ஊராட்சி ஒன்றியப் பள்ளி ஆசிரியர்கள் சர்க்கார் ஊழியர்களாக ஏற்றுக்கொள்ளப்பட்டார்கள். 1988-ல் அதே தேதியிலிருந்து மத்திய சர்க்கார் ஊழியருக்கு இணையான சம்பளம் என்ற முறை தமிழ்நாட்டில் நடைமுறைக்கு வந்தது. மாதம் 3,000 ரூபாய் தொகுப்பூதியத்தில் அமர்த்தப்பட்டிருந்த உபாத்தியாயர்கள் 2006 ஜூன் முதல் தேதியன்று காலமுறைச் சம்பளத்துக்குக் கொண்டுவரப்பட்டார்கள். அதற்கு முன்பும், 1955-ல் காமராஜர் மந்திரிசபை உபாத்தியாயர்களுக்கு ஓய்வூதியம், சேமநிதி, இன்ஷூரன்ஸ் மூன்றையும் சேர்த்து அளித்ததைத் தமிழ்நாடு மறந்துவிடவில்லை. ஊருக்கு ஒரு பள்ளி வேண்டுமானால் அப்பள்ளியில் வயிறு வாடாத உபாத்தியாயர் வேண்டும் என்பதை உணர்ந்த காலம் அது.

இந்த வரிசையில் வந்த 2009-ம் வருஷத்து ஜூன் முதல் தேதி மட்டும் பிரிவினைக் கோடாயிற்று. இதில் மற்றொரு விசித்திரமும் உண்டு. 2009-க்குப் பின் வந்தவர்களிடம் ராஜாங்கம் குறைவாக எதிர்பார்த்ததா? இல்லை, அதிகமாக எதிர்பார்த்தது. கல்வி உரிமைச் சட்டம் 2010 ஏப்ரலில் அமலுக்கு வந்த பிறகு, புதிதாக வேலைக்கு வருவோர் தகுதித் தேர்வில் தேற வேண்டும் என்ற நிபந்தனை உண்டாயிற்று. தமிழ்நாட்டில் 2012 ஜூலையில் நடந்த முதல் தேர்வில் எழுதியவர்களில் நூற்றுக்கு ஒருவர்கூடத் தேறவில்லை. அவ்வளவு நுண்ணிய சல்லடையில் சலித்து எடுத்தவர்களுக்கும் குறைந்த சம்பளமே விதிக்கப்பட்டது. தகுதியைக் கூட்டிச் சம்பளத்தைக் குறைப்பது எந்த ஊர் நியாயம் என்று நாம் கேட்கிறோம்.

கமிட்டிகளும் வாக்குறுதிகளும்

உபாத்தியாயர்கள் வாளாவிருக்கவில்லை. மனுக் கொடுத்தார்கள், மந்திரிகளைக் கண்டார்கள், கோர்ட்டுப் படி ஏறினார்கள். பிறகு உண்ணாவிரதம் இருந்தார்கள். 2018 ஏப்ரலில் சென்னை நுங்கம்பாக்கத்திலுள்ள கல்வி இலாகா வளாகத்தில் கூடினார்கள். அதே வருஷம் டிசம்பரில், குடும்பத்தோடும் கைக்குழந்தைகளோடும் வந்து திறந்தவெளியில் பட்டினி கிடந்தார்கள். பலர் மயங்கி விழுந்து ஆஸ்பத்திரிக்குக் கொண்டு செல்லப்பட்டார்கள். 2022 டிசம்பர் 27-ல் தொடங்கிய உண்ணாவிரதம் 2023 ஜனவரி முதல் தேதிவரை நீடித்தது. 2023 செப்டம்பர் 28-ல் மீண்டும் தொடங்கினார்கள். அக்டோபர் 5-ந் தேதி அதிகாலையில் போலீஸார் அவர்களை அப்புறப்படுத்தினார்கள்.

இந்தத் தேதிகளை வாசகர்கள் கவனிக்க வேண்டும். பெரும்பாலும் பரீட்சை முடிந்து பள்ளிக்கு விடுமுறை விட்ட நாட்களை ஒட்டியே இவர்கள் கிளர்ச்சி செய்திருக்கிறார்கள். பிள்ளைகளின் பாடம் கெடக் கூடாது என்று எண்ணித் தங்கள் ஓய்வு நாட்களைப் பட்டினிக்கு ஒதுக்கிய இவர்களைப் பொறுப்பற்றவர்கள் என்று எவர் சொல்ல முடியும்? ஆரவாரமின்றி, எவருக்கும் தீங்கிழைக்காமல், தம் உடலை வருத்தி நியாயம் கேட்பது நம் நாடு உலகத்துக்குக் காட்டிய வழி. அந்த வழியில் வந்தவர்களுக்குக் கிடைத்த பதில் என்ன? கமிட்டி.

2009-ல் எழுந்த சம்பள முரண்பாடுகளை ஆராய முதலில் ஒருநபர் கமிட்டி வந்தது. 2018-ல் சித்திக் தலைமையில் மற்றொரு ஒருநபர் கமிட்டி வந்தது. 2023 ஜனவரி முதல் தேதியன்று முதல் மந்திரி ஸ்டாலின் மூன்று அதிகாரிகள் கொண்ட கமிட்டியை அறிவித்தார். 8,370-லிருந்து 5,200-ஐக் கழித்தால் 3,170 வரும் என்பதைக் கண்டுபிடிக்க எத்தனை கமிட்டிகள் வேண்டும்? இங்கே புலனாகாத உண்மை எதுவும் இல்லை. பணிப்பதிவேடு சர்க்காரிடம் இருக்கிறது, சம்பள விதி சர்க்காருடையது, கணக்கும் சர்க்காருடையது. இல்லாதது துணிவு ஒன்றே.

கட்சிகளைப் பற்றியும் ஒரு வார்த்தை சொல்ல வேண்டியிருக்கிறது. இந்த அநீதி தி.மு.க. ஆட்சியில் பிறந்தது. 2011-லிருந்து 2021 வரை பத்து வருஷ அ.தி.மு.க. ஆட்சியில் நிலைத்தது. 2021-ல் தி.மு.க. தன் தேர்தல் அறிக்கையின் 311-வது வாக்குறுதியாகச் சம வேலைக்குச் சம சம்பளத்தை அச்சிட்டது. பதவியேற்ற பின் 2023 அக்டோபரில் அவ்வாக்குறுதியை நினைவூட்ட வந்தவர்களை வண்டியில் ஏற்றி அப்புறப்படுத்தியது. எதிர்க்கட்சி வரிசையில் அமரும்பொழுது கண் கலங்குவதும், மந்திரி ஆசனத்தில் அமரும்பொழுது கஜானாவைக் காட்டுவதும் இரு சாராருக்கும் பொதுவான வழக்கமாயின. ஒரு கட்சியைக் குறை சொல்லி மற்றொன்றைப் புகழ இந்த வழக்கில் இடமில்லை.

சொல்லப்படும் சமாதானங்கள்

நியாயமாக ஆராய வேண்டுமானால் எதிர்த்தரப்பு வாதங்களையும் எடைபோட்டுப் பார்க்க வேண்டும். சர்க்கார் தரப்பில் சொல்லப்படுபவை பெரும்பாலும் நான்கு.

முதலாவது, அனுபவம் மிக்கவருக்கு அதிகச் சம்பளம் தருவது இயற்கைதானே என்பது. இதை நாமும் ஒப்புக்கொள்கிறோம். இருபது வருஷம் உழைத்தவருக்கும் நேற்று வந்தவருக்கும் ஒரே தொகை என்று எவரும் கேட்கவில்லை. அதற்குத்தான் ஆண்டுதோறும் ஊதிய உயர்வு இருக்கிறது. ஏணியில் முன்னே ஏறியவர் மேல்படியில் நிற்கட்டும். ஆனால் ஏணியின் கால் இருவருக்கும் ஒரே தரையில் ஊன்றியிருக்க வேண்டும். ஒரு நாள் அனுபவத்துக்கு 3,170 ரூபாய் விலை என்பது அனுபவத்தை மதிப்பதாகாது.

இரண்டாவது, சம்பளம் இன்னதென்று தெரிந்துதானே வேலையை ஒப்புக்கொண்டார்கள் என்பது. இந்த வாதத்தைப் பழைய தோட்டத்துரைமார்களும் கங்காணிகளும் சொல்லிக் கேட்டிருக்கிறோம். 2016 அக்டோபரில் பஞ்சாப் தற்காலிக ஊழியர்கள் வழக்கில் சுப்ரீம் கோர்ட்டு இதற்குத் தக்க விடையளித்தது. குறைந்த கூலிக்கு உடன்படுபவன் மனமுவந்து உடன்படுவதில்லை, தன் குடும்பத்துக்கு உணவும் இடமும் தேடித் தன்மானத்தை விலையாகக் கொடுக்கிறான் என்ற கருத்தை அத்தீர்ப்பு தெளிவாக உரைத்தது.

மூன்றாவது, இவர்களுக்குக் கொடுத்தால் மற்ற இலாகாக்காரர்களும் கேட்பார்கள் என்பது. கேட்டால் கேட்கட்டும். ஒருவருடைய வழக்கில் நியாயம் இருந்தால் கொடுக்க வேண்டும். இல்லாவிட்டால் மறுக்க வேண்டும். அடுத்த வீட்டுக்காரன் கேட்பான் என்பதற்காக வாங்கிய கடனைத் திருப்பிக் கொடுக்க மறுப்பது யோக்கியமான குடித்தனக்காரன் செயலன்று.

நான்காவது, கஜானாவில் பணமில்லை என்பது. இதுவே உண்மையான தடை. மற்றவை அதன் மேல் போர்த்திய துணி. ராஜாங்கத்தின் செலவினங்கள் பல என்பதை நாம் மறுக்கவில்லை. ஆனால் ஒன்றை நினைக்க வேண்டும். 2009-லிருந்து சர்க்கார் மிச்சப்படுத்திய தொகை, 20,000 குடும்பங்களின் அடுப்பிலிருந்து எடுத்த தொகை. அவர்கள் கேட்காமலே சர்க்காருக்கு வட்டியில்லாக் கடன் கொடுத்திருக்கிறார்கள். கடன் பெருகிவிட்டது, ஆகையால் கொடுக்க முடியாது என்று கடன்பட்டவர் சொல்வது வேடிக்கையாக இருக்கிறது.

நீதிமன்றங்கள் காட்டிய வழி

இந்த விஷயத்தில் சட்டம் எங்கே நிற்கிறது? 1982-ல் டெல்லிப் போலீஸில் மோட்டார் ஓட்டிய ரந்தீர் சிங் என்னும் கான்ஸ்டபிள் சுப்ரீம் கோர்ட்டுக்குச் சென்றார். மற்ற இலாகாக்களில் வண்டி ஓட்டுபவர்களுக்குக் கிடைக்கும் சம்பளம் தமக்கும் வேண்டும் என்பது அவருடைய கோரிக்கை. 39-வது பிரிவின் வாசகம் ஆண் பெண் இருபாலாரையும் குறித்து எழுந்ததாயினும், அதைச் சமத்துவம் பேசும் 14, 16-வது பிரிவுகளோடு சேர்த்து வாசித்து, நீதிபதி சின்னப்ப ரெட்டி அவருக்குச் சாதகமாகத் தீர்ப்பளித்தார். அதே வருஷம் டிசம்பர் 17-ந் தேதி நகாரா வழக்கின் தீர்ப்பு வந்தது. 1979 மார்ச் 31-ந் தேதியைக் கோடாக வைத்து, அதற்குப் பின் ஓய்வு பெற்றவர்களுக்கு மட்டும் உயர்ந்த ஓய்வூதியம் என்று மத்திய சர்க்கார் விதித்திருந்தது. ஒரே வகையினரை ஒரு தேதியை மட்டும் வைத்துப் பிரிப்பது தன்னிச்சையான செயல் என்று ஐந்து நீதிபதிகள் கொண்ட அமர்வு அக்கோட்டை அழித்தது. ஓய்வு பெற்றவர்கள் இன்றும் டிசம்பர் 17-ஐத் தங்கள் திருநாளாகக் கொண்டாடுகிறார்கள். தேதியால் பிரிக்கப்பட்ட இடைநிலை ஆசிரியர்களின் வழக்குக்கு இதைவிடப் பொருத்தமான முன்னுதாரணம் வேண்டுமா?

எனினும், கோர்ட்டையே முழுதும் நம்பியிருக்க முடியாது என்பதையும் சொல்லிவிடுவது நேர்மை. பீகாரில் பஞ்சாயத்துக்கள் மூலம் நியமிக்கப்பட்ட சுமார் மூன்றரை லட்சம் உபாத்தியாயர்கள் சம சம்பளம் கேட்டார்கள். பாட்னா ஹைகோர்ட்டு 2017 அக்டோபரில் அவர்களுக்கு அனுகூலமாகத் தீர்ப்பளித்தது. 2019 மே 10-ந் தேதி சுப்ரீம் கோர்ட்டு அதை ரத்துச் செய்தது. அவர்கள் நியமனம் பெற்ற முறை வேறு, அவர்கள் சேர்ந்த பிரிவு வேறு, கல்வியை எல்லா ஊருக்கும் பரப்ப ராஜ்யம் வகுத்த திட்டம் அது என்பவை அங்கே சொல்லப்பட்ட காரணங்கள். தமிழ்நாட்டில் அந்தக் காரணங்கள் பொருந்தா. இங்கே பிரிவும் ஒன்று, பதவியும் ஒன்று, பணி விதிகளும் ஒன்று. ஆயினும் பீகார்த் தீர்ப்பு ஒரு பாடம் கற்பிக்கிறது: சம்பள விகிதத்தை நிர்ணயிப்பது பெரும்பாலும் சர்க்காரின் கொள்கையைச் சார்ந்தது என்று நீதிமன்றங்கள் ஒதுங்கிக்கொள்ளக் கூடும். ஆகவே இவ்வழக்கு கடைசியில் தீர வேண்டிய இடம் சட்டசபையும் பொதுஜன அபிப்பிராயமுமேயாகும்.

பிற தேசங்களிலும் இப்படியே நடந்திருக்கிறது. நியூயார்க் நகரத்தில் ஆண் உபாத்தியாயருக்கு ஒரு சம்பளம், பெண் உபாத்தியாயருக்கு ஒரு சம்பளம் என்றிருந்தது. பல வருஷக் கிளர்ச்சிக்குப் பின் 1911-ல் சட்டம் இயற்றித்தான் அந்த வேற்றுமையை நீக்கினார்கள். பிரிட்டனில் பெண் உபாத்தியாயர்களுக்குச் சம சம்பளம் தர 1955-ல் தீர்மானித்து, வருஷந்தோறும் சிறிது சிறிதாக உயர்த்தி 1961-ல் பூர்த்தி செய்தார்கள். யுத்தத்தால் நொந்திருந்த அத்தேசத்துக்கும் கஜானாக் கவலை இருந்தது. அவர்கள் தவணை கேட்டார்கள். ஆனால் தவணைக்குக் கடைசி நாள் ஒன்றையும் குறித்தார்கள். அங்கே வேற்றுமைக்கு ஆண் பெண் என்ற பழைய வழக்கமாவது காரணமாகச் சொல்லப்பட்டது. இங்கே சொல்ல அதுவும் இல்லை.

தீர்வு எப்படி இருக்க வேண்டும்?

தீர்வு என்ற பெயரில் எதை வேண்டுமானாலும் கொடுத்துவிட்டுக் கைகழுவ இடம் தரலாகாது. எந்தச் சர்க்காரின் உத்தரவானாலும் மூன்று சோதனைகளில் அது தேற வேண்டும்.

முதல் சோதனை, ஏணியின் காலைச் சரிசெய்கிறதா என்பது. 2009 ஜூன் முதல் தேதியன்று இவர்களுடைய அடிப்படைச் சம்பளம் 8,370 ரூபாய் என்று நிர்ணயித்து, பின்வந்த ஒவ்வொரு உயர்வையும் அதன்மேல் மறுபடி கணக்கிட வேண்டும். இடையில் எங்கோ ஒரு படியை ஒட்டவைப்பது போதாது.

இரண்டாவது சோதனை, அது அடிப்படைச் சம்பளமாகக் கொடுக்கப்படுகிறதா என்பது. தனிப்படி என்றும் சிறப்புத் தொகை என்றும் பெயரிட்டு வெளியே ஒரு தொகையைத் தொங்கவிட்டால், அகவிலைப்படியும் ஆண்டு உயர்வும் அதைத் தொடமாட்டா. வாய்க்கு இனிப்பாக இருந்து சில வருஷங்களில் கரைந்துபோகும் சலுகை சமத்துவமாகாது.

மூன்றாவது சோதனை, தேதி குறிக்கப்பட்டிருக்கிறதா என்பது. நிலுவைத் தொகை முழுவதையும் ஒரே நாளில் கொடுக்க முடியாதென்றால் தவணையில் கொடுக்கட்டும். ஆனால் முதல் தவணை எந்த மாதம், கடைசித் தவணை எந்த மாதம் என்பது வரவு செலவுத் திட்டத்திலேயே எழுதப்பட வேண்டும். ஒரு தேதியைக் கொண்டு அநீதி செய்ய முடிந்த ராஜாங்கத்துக்கு ஒரு தேதியைக் கொண்டு நீதி செய்யவும் முடியும்.

பொதுஜனங்களின் கடமை

அரசியலில் ஈடுபட்ட நண்பர்களுக்கு ஒன்று சொல்ல விரும்புகிறோம். உபாத்தியாயர் பிரச்னை உபாத்தியாயர் சங்கத்தின் பிரச்னை என்று நாம் ஒதுங்கியிருந்ததால்தான் இவ்வளவு காலம் கடந்தது. சர்க்காரின் ஆரம்பப் பள்ளியில் பயிலும் பிள்ளைகள் யார்? தேயிலைக்கும் காப்பிக்கும் கூலி வேலை செய்பவர்களின் பிள்ளைகள். உழவர், நெசவாளர் பிள்ளைகள். பழனி மலையில் என்றால் பளியர் குலத்துப் பிள்ளைகளும். பணமுள்ளவர் தம் பிள்ளைகளைத் தனியார் பள்ளிக்கு அனுப்பிவிடுகிறார். ஏழைக்குக் கிடைக்கும் ஒரே கல்வி இந்த உபாத்தியாயரின் கையால் கிடைப்பது. அவர் மனம் நொந்து வகுப்பில் நுழைந்தால் நஷ்டம் அவருக்கு மட்டுமன்று.

அன்றியும், அவ்வகுப்பில் அவர் என்ன சொல்லிக் கொடுக்கிறார்? நம் நாட்டில் எல்லாரும் சமம் என்று சொல்லிக் கொடுக்கிறார். அரசியல் சட்டத்தின் முகவுரையும் சமத்துவத்தைச் சொல்கிறது. அதைப் பிள்ளைகளுக்கு வாசித்துக் காட்டும் உபாத்தியாயரின் சம்பளப் பட்டியலில் அந்தச் சமத்துவம் இல்லையென்றால், அவர் குரலில் உறுதி எப்படி இருக்கும்? பிள்ளைகள் புத்தகத்தை நம்புவார்களா, உபாத்தியாயரின் முகத்தை நம்புவார்களா?

தேர்தலில் ஓட்டுக் கேட்டு வருபவர்களிடம் பெற்றோர்கள் இந்தக் கேள்வியைக் கேட்க வேண்டும். பள்ளி மேலாண்மைக் குழுக்களும் கிராம சபைகளும் தீர்மானம் நிறைவேற்றி அனுப்ப வேண்டும். வாக்குறுதியின் எண்ணைச் சொல்லிக் கேட்க வேண்டும். கமிட்டி என்று பதில் வந்தால், எந்தத் தேதிக்குள் என்று திரும்பக் கேட்க வேண்டும். 20,000 பேர் பட்டினி கிடந்தால் அது ஒரு நாள் செய்தி. 20,000 ஊர்கள் கேட்டால் அது உத்தரவாக மாறும்.

மலை அடுக்கடுக்காக இருப்பது இயற்கை. அம்மலை மேல் ஒரே கூரையின் கீழ் பாடம் சொல்லும் இருவரை அடுக்கிப் பிரித்தது மனிதர் எழுதிய உத்தரவு. மனிதர் எழுதியதை மனிதர் திருத்தலாம். திருத்தும் அதிகாரம் சட்டசபையில் இருக்கிறது. திருத்தச் செய்யும் அதிகாரம் ஜனங்களிடம் இருக்கிறது. அந்த அதிகாரத்தை அவர்கள் உபயோகிப்பார்களாக.